காலடி ஓசை யாருடையது? பிரெட் அஸ்டேர் வழியாக ஹாலிவுட் ஆடல்பாடல்

பழைய ஹாலிவுட் ஆடல்பாடல் படங்களைப் பற்றிப் பேச்சு எழுந்தால் இரண்டு கருத்துகள் தவறாமல் வரும். "அந்தக் காலத்தில் எல்லாமே நிஜம், பாடிக்கொண்டே ஆடினார்கள், கேமரா அதை அப்படியே பிடித்துக்கொண்டது" என்பார் ஒருவர். "எல்லாம் ஸ்டூடியோ மாயம், வெட்டி ஒட்டிய வேலை" என்பார் இன்னொருவர். அந்தப் படங்களின் நடன நாயகன் பிரெட் அஸ்டேரின் பெயரை எடுத்தாலோ "பிறவி வரம், காற்றில் மிதக்கிறார்" என்று சொல்லிப் பேச்சையே முடித்துவிடுவார்கள். பாராட்டாகச் சொல்லப்பட்டாலும் அந்தக் கடைசி வாக்கியம்தான் எனக்கு அதிகம் வருத்தம் தருவது. ஒரு மனிதர் வாரக்கணக்கில் வியர்வை சிந்திச் செய்ததை அது ஒரே சொல்லில் அழித்துவிடுகிறது.

உண்மை இந்த இரண்டுக்கும் நடுவில் இருக்கிறது. அவருடைய படங்களில் கண் காண்பது பெரும்பாலும் நிஜம். காது கேட்பதோ தனியாகச் செய்து பின்னர் சேர்க்கப்பட்டது. இந்த ஒன்று புரிந்துவிட்டால் மற்றதெல்லாம் எளிதாகிவிடும்.

அக்காவுக்குத் துணையாக வந்த தம்பி

அஸ்டேர் 1899 மே 10 அன்று அமெரிக்காவின் நெப்ராஸ்கா மாநிலத்தில் உள்ள ஒமாஹா நகரில் பிறந்தார். பிறந்தபோது பெயர் பிரெடரிக் ஆஸ்டர்லிட்ஸ். தந்தை ஆஸ்திரியாவிலிருந்து குடியேறி பீர் ஆலையில் வேலை பார்த்தவர். வீட்டில் நடனத் திறமை முதலில் தெரிந்தது அக்கா அடீலிடம்தான். அவளோடு சேர்த்து அனுப்பப்பட்ட சிறுவன்தான் பிரெட். 1905இல் தாய் இரு பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு நியூயார்க் போனார். தந்தை சம்பாதித்து அனுப்புவதற்காக ஒமாஹாவிலேயே தங்கினார். அந்த ஆண்டே நியூஜெர்ஸியின் கீபோர்ட் என்ற சிற்றூரில் பிள்ளைகள் மேடை ஏறினார்கள்.

அவர்கள் நுழைந்த உலகத்தின் பெயர் வாட்வில். ஒரே டிக்கெட்டில் பாட்டு, நடனம், நகைச்சுவை, வித்தைக்காரர், பழக்கிய விலங்குகள் என்று சின்னச் சின்ன உருப்படிகளாக நடக்கும் பல்சுவை மேடை நிகழ்ச்சி அது. நம்மூர் பாய்ஸ் கம்பெனி நாடகங்களில் சிறுவயதிலேயே சேர்ந்து, ஊர் ஊராகப் போய், பாட்டும் வசனமும் அடவும் ஒன்றாகக் கற்றுக்கொண்ட நடிகர்களை நினைத்துக்கொண்டால் ஏறக்குறைய சரியாக இருக்கும். வாட்வில் மேடையில் கிடைப்பது சில நிமிடங்கள்தான். அதற்குள் கூட்டத்தைப் பிடிக்காவிட்டால் அடுத்த ஊரில் இடம் இல்லை.

1917இல் அக்காவும் தம்பியும் நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகளான பிராட்வேயை எட்டினார்கள். 1924இல் கெர்ஷ்வின் சகோதரர்கள் இசையும் பாடல்களும் அமைத்த 'லேடி, பி குட்' இருவரையும் பெரும் புகழில் நிறுத்தியது, லண்டனிலும் கொண்டாடப்பட்டார்கள். அப்போதெல்லாம் அடீலே பெரிய நட்சத்திரம். 1932இல் அவர் ஓர் ஆங்கிலேயப் பிரபுவின் மகனான சார்லஸ் கேவண்டிஷைத் திருமணம் செய்துகொண்டு மேடையை விட்டு விலகினார். தம்பி அக்கா இல்லாமல் தனியாக நின்றபோது அவருக்கு வயது 33.

ஆக, அஸ்டேர் சினிமாவுக்குள் நுழைந்தபோது அவருக்குப் பின்னால் ஏறக்குறைய 28 ஆண்டு மேடை அனுபவம் இருந்தது. பிறவி வரம் என்று சொல்வதற்கு முன் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும்.

காலே வாத்தியம்

டாப் நடனம் என்பது காலணியின் முன்பகுதியிலும் குதிகாலிலும் உலோகத் தகடு பொருத்தி, தரையைத் தட்டித் தாளம் எழுப்பும் ஆட்டம். சலங்கையோடு ஒப்பிடத் தோன்றும். ஆனால் சலங்கையில் ஒவ்வொரு மணியும் காலின் அசைவுக்குச் சேர்ந்தே ஒலிக்கும். டாப் நடனமோ மிருதங்கத்துக்கு நெருக்கமானது. மிருதங்கத்தில் எந்த விரல் எங்கே விழுகிறது என்பதைப் பொறுத்துச் சொல் மாறுவதுபோல, இங்கே விரல்நுனித் தட்டு ஓர் ஒலி, குதிகால் தட்டு இன்னோர் ஒலி, தரையில் உரசினால் மூன்றாவது ஒலி. ஆடுபவர் ஒரே நேரத்தில் நடனக்காரராகவும் தாளக்காரராகவும் இருக்கிறார்.

இந்தக் கலை எங்கிருந்து வந்தது என்பதைச் சொல்லாமல் கடந்து போவது நியாயமல்ல. ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் தாள மரபும், அயர்லாந்து, இங்கிலாந்துக் குடியேறிகளின் காலாட்டங்களும் அமெரிக்க மண்ணில் கலந்து பிறந்தது இது. அதை உச்சத்துக்குக் கொண்டுபோனவர்களில் பலர் கறுப்பினக் கலைஞர்கள். 'போஜாங்கிள்ஸ்' என்று அழைக்கப்பட்ட பில் ராபின்சன் படிக்கட்டில் ஏறி இறங்கி ஆடும் ஆட்டத்துக்குப் பேர்பெற்றவர். ஜான் பபிள்ஸ் குதிகால் தட்டுகளைச் சேர்த்துத் தாளத்தை இன்னும் சிக்கலாக்கினார். அஸ்டேர் அவரிடம் பாடம் கேட்டிருக்கிறார். இவர்களுக்கு ஹாலிவுட் கதாநாயக வேடம் கொடுக்கவில்லை. ராபின்சன் திரையில் பெரும்பாலும் வேலைக்காரராகத்தான் வந்தார். நிக்கோலஸ் சகோதரர்கள் 1943இல் வந்த 'ஸ்டார்மி வெதர்' படத்தில் படிக்கட்டுகளில் கால்களை அகல விரித்துத் தாவி இறங்குவதைப் பார்த்தவர்கள், அந்த இருவருக்கும் ஏன் முழுப்படம் ஒன்று தரப்படவில்லை என்று கேட்காமல் இருக்க முடியாது.

அஸ்டேர் தன் பங்குக்கு டாப் நடனத்தோடு ஜோடியாக ஆடும் பால்ரூம் நடனத்தையும் கொஞ்சம் பாலே அசைவையும் கலந்தார். இடுப்புக்குக் கீழே தாளக்கருவி, இடுப்புக்கு மேலே நளினம். அதுவே அவருடைய தனி முத்திரை.

"நடிக்கத் தெரியாது" என்ற குறிப்பு

அஸ்டேரின் முதல் திரைச்சோதனையைப் பார்த்த யாரோ ஒருவர் "நடிக்கத் தெரியாது, தலையில் முடி குறைவு, கொஞ்சம் ஆடுவார்" என்று எழுதிவைத்தார் என்ற கதையைப் பலரும் கேட்டிருப்பீர்கள். சொல்பவருக்குச் சொல்பவர் வாசகம் மாறிக்கொண்டே இருக்கும் கதை அது. நமக்கு உறுதியாகத் தெரிந்தது வேறு: ஆர்கேஓ ஸ்டூடியோவின் தயாரிப்புப் பொறுப்பில் இருந்த டேவிட் செல்ஸ்னிக் 1933இல் எழுதிய குறிப்பு. பெரிய காதுகள், சரியில்லாத தாடை என்று குறைகளைச் சொல்லிவிட்டு, அத்தனையையும் மீறி அந்த மோசமான சோதனைப் படத்திலேயே இந்த மனிதரின் வசீகரம் தெரிகிறது என்று அவர் எழுதினார். பழங்கதையில் வரும் அலட்சியம் அதில் இல்லை.

அன்றைய ஸ்டூடியோ முறையை இங்கே ஒரு வரியில் சொல்லிவிடலாம். நடிகர், ஒளிப்பதிவாளர், தச்சர், தையற்காரர், இசைக்குழு எல்லாரும் ஒரே நிறுவனத்தில் ஒப்பந்தச் சம்பளத்துக்கு வேலை செய்தார்கள். யார் எந்தப் படத்தில் என்பதை நிறுவனம் முடிவு செய்தது. அப்படித்தான் 1933இல் 'ஃபிளையிங் டவுன் டு ரியோ' படத்தில் அஸ்டேரும் ஜிஞ்சர் ராஜர்ஸும் முதன்முதலாகத் திரையில் இணைந்தார்கள். பெயர்ப் பட்டியலில் ஜிஞ்சர் நான்காவது, அஸ்டேர் ஐந்தாவது. ஆனால் மக்கள் அந்த இருவரைப் பற்றித்தான் பேசினார்கள். இருவரும் மொத்தம் 10 படங்களில் சேர்ந்து நடித்தார்கள். அவற்றில் ஒன்பது ஆர்கேஓவில், கடைசிப் படம் 1949இல் எம்ஜிஎம் என்ற இன்னொரு ஸ்டூடியோவில்.

கேமரா உருளும் முன்

படப்பிடிப்பு தொடங்குவதற்கு வாரக்கணக்கில் முன்பே அஸ்டேர் ஒத்திகை அறைக்குள் போய்விடுவார். உடன் இருப்பவர்கள் நடன அமைப்பாளர் ஹெர்மிஸ் பேன், பியானோ வாசிக்கும் ஹால் போர்ன். அஸ்டேரும் பேனும் சேர்ந்து அடியடியாக ஆட்டத்தை உருவாக்குவார்கள். ஜிஞ்சர் அப்போது பெரும்பாலும் வேறொரு படத்தில் நடித்துக்கொண்டிருப்பார். அதனால் ஜிஞ்சரின் பகுதியைப் பேன் ஆடுவார். ஜிஞ்சர் வந்ததும் பேன் அவருக்குக் கற்றுக்கொடுப்பார்.

ஜிஞ்சரைப் பற்றி "அஸ்டேர் செய்த அத்தனையையும் அவர் பின்னோக்கி, குதிகால் உயர்ந்த காலணியோடு செய்தார்" என்று சொல்வது உண்டு. அவரே சொன்னதாகவும் சிலர் எழுதுகிறார்கள். அது 1982இல் ஒரு பத்திரிகைக் கேலிச்சித்திரத்தில் பாப் தேவ்ஸ் எழுதிய வரி. வரி உண்மைக்குப் பக்கத்தில் இருக்கிறது. ஆனால் ஜிஞ்சரின் பெருமை அதோடு முடிவதில்லை. 'கிட்டி ஃபாயில்' படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கரைப் பெற்றவர் அவர். இந்த ஜோடியின் நடனங்கள் வெறும் கால்வேலையாக இல்லாமல் ஊடலும் கூடலுமாக நமக்குத் தெரிவதற்குப் பாதிக் காரணம் ஜிஞ்சரின் முகம் என்பது என் எண்ணம்.

1936இல் வந்த 'ஸ்விங் டைம்' படத்தின் இறுதி நடனத்தில் ஒரு பகுதியை ஒரே நாளில் 47 முறை எடுத்தார்கள். ஜிஞ்சரின் காலில் ரத்தம் கசிந்தது. திரையில் அந்த வலியின் சாயல்கூடத் தெரியாது.

முழு உடல், நீண்ட ஷாட்

இனி படம் பிடிக்கும் முறைக்கு வருவோம். 1930களின் தொடக்கத்தில் ஹாலிவுட் நடனக் காட்சிகளில் கேமரா எங்கெங்கோ போகும்: கால் தனியாக, முகம் தனியாக, நடுவில் பார்வையாளர் வியக்கும் முகம், மேலிருந்து பூப்போலத் தெரியும் கூட்டம். அஸ்டேர் இதை ஏற்கவில்லை. தலை முதல் கால் வரை முழு உடலும் சட்டகத்துக்குள் இருக்க வேண்டும். வெட்டுகள் கூடுமானவரை குறைய வேண்டும் என்பது அவர் நிபந்தனை.

ஏன் என்பதற்குக் கரகாட்டத்தை நினைத்துப் பாருங்கள். தலையில் இருக்கும் கரகத்தை மட்டும் காட்டினால் அது ஆடாமல் நிற்கும் ஒரு குடம். காலை மட்டும் காட்டினால் அது வெறும் துள்ளல். இரண்டையும் ஒன்றாகக் காணும்போதுதான், 'கால் இப்படிப் பறக்க, தலை எப்படி அசையாமல் இருக்கிறது' என்ற வியப்பு வருகிறது. அஸ்டேரின் நடனமும் அப்படித்தான்: தோள் சொல்வதும் கால் சொல்வதும் ஒன்றுக்கொன்று பதில்.

இதற்காகத் தாழ்வான சிறு வண்டியில் கேமராவை வைத்து, ஆடுபவர்களோடு கூடவே உருட்டிக்கொண்டு போனார்கள். வெட்டு இல்லையென்றால் ஒளிய இடமில்லை. இரண்டாவது நிமிடத்தில் ஓர் அடி தவறினால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். 'டாப் ஹேட்' படத்தில் ஜிஞ்சர் இறகு வைத்துத் தைத்த உடையில் ஆடுவார். கூர்ந்து பார்த்தால் ஆட்டத்தின் நடுவே இறகுகள் உதிர்ந்து மிதப்பது தெரியும்.

காதுக்கு வந்தவை

இப்போது மறுபாதி. பாட்டும் இசையும் படப்பிடிப்புக்கு முன்பே பதிவு செய்யப்பட்டுவிடும். படப்பிடிப்புத் தளத்தில் அந்தப் பதிவை ஒலிபெருக்கியில் ஓடவிட்டு, அதற்கு உதட்டை அசைத்து ஆடுவார்கள். இதுதான் பிளேபேக். நமக்கு இந்தச் சொல்லைக் கேட்டதும் வேறொருவர் குரல் என்ற எண்ணம் வரும். பின்னணிப் பாடகர் என்றே பெயர் வைத்துவிட்டோம். அஸ்டேரின் விஷயத்தில் முறை அதே முறை, குரல் மட்டும் அவருடைய சொந்தக் குரல். அந்தக் குரல் பெரியதல்ல. ஆனால் சொல்லைச் சிதைக்காமல், தாளத்தில் பிசகாமல் பாடுவார். இர்விங் பெர்லின், கெர்ஷ்வின், ஜெரோம் கெர்ன் போன்றோர் தங்கள் பாடல்களை முதலில் அவர் பாட வேண்டும் என்று விரும்பினார்கள்.

எல்லாரும் சொந்தக் குரலில் பாடவில்லை. அவரோடு ஆடிய ரீட்டா ஹேவொர்த்துக்கும் சிட் சரீஸுக்கும் வேறு பாடகிகள் குரல் கொடுத்தார்கள். பின்னணிக் குரலையே கதையாகக் கொண்ட 'சிங்கிங் இன் தி ரெயின்' படத்தில்கூட, பிறருக்காகப் பாடும் பெண்ணாக நடித்த டெபி ரெனால்ட்ஸுக்கு ஒரு பாட்டில் பெட்டி நாய்ஸ் என்ற பாடகி பாடியிருக்கிறார்.

சரி, காலடி ஓசை? தளத்தில் ஒலிபெருக்கி அலறிக்கொண்டிருக்கும்போது மைக் வைத்தால் பாட்டும் சேர்ந்து விழும். பளபளக்கும் அலங்காரத் தரையில் தட்டினால் மரத்தரையின் கணீர் ஒலியும் வராது. ஆகவே படம் எடுத்து முடித்த பிறகு, அஸ்டேர் ஒலிப்பதிவு அறைக்குப் போய், திரையில் ஓடும் தன் உருவத்தைப் பார்த்தபடி, அந்த ஆட்டத்தை மறுபடி மரப்பலகையில் ஆடிப் பதிவு செய்வார். நாம் டப்பிங் என்று சொல்வதன் நடன வடிவம் இது. வசனத்தில் உதடு அரை நொடி தவறினால் பார்ப்பவர் பொறுத்துக்கொள்வார்; நொடிக்குப் பல தட்டுகள் விழும் ஆட்டத்தில் அந்த அரை நொடி கொடுமை. ஜிஞ்சரின் காலடி ஓசையைப் பல ஆட்டங்களில் ஹெர்மிஸ் பேனே ஆடிப் பதிவு செய்தார். ஆகவே தலைப்பில் உள்ள கேள்விக்குப் பதில்: அஸ்டேரின் ஓசை அஸ்டேருடையது, ஆனால் வேறொரு நாளில், வேறொரு தரையில் எழுந்தது.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துப் பார்த்தால் வரிசை இதுதான்: ஒத்திகை, பாட்டுப் பதிவு, பதிவுக்கு ஏற்ப முழு ஆட்டத்தைப் படம் பிடித்தல், பிறகு காலடி ஓசையை மறுபடி ஆடிப் பதிவு செய்தல். ஒரே நடனத்தை அவர் குறைந்தது மூன்று தடவை வேறு வேறு இடங்களில் பிசகின்றி ஆட வேண்டியிருந்தது.

தந்திரக் காட்சிகள்

படத்தில் மாயமே இல்லை என்றும் சொல்லக்கூடாது. 1951இல் வந்த 'ராயல் வெட்டிங்' படத்தில் அஸ்டேர் சுவரில் ஏறி, கூரையில் தலைகீழாக ஆடுவார். ஒரு பெரிய பீப்பாய்க்குள் அறை ஒன்றைக் கட்டி, மேசை நாற்காலிகளை இறுக்கிப் பொருத்தி, கேமராவையும் அதை இயக்குபவரையும் அந்த அறையோடு சேர்த்தே பிணைத்துவிட்டார்கள். பீப்பாய் உருளும்போது கேமராவும் சேர்ந்து உருளும். அதனால் நம் கண்ணுக்கு அறை அசையாமல் நிற்கும். உண்மையில் அஸ்டேர் எப்போதும் கீழே இருக்கும் பரப்பில்தான் நிற்கிறார். சுவர் தரையாக மாறும் அந்தக் கணத்தில் எடையை மாற்றி, அது ஆட்டத்தின் ஓர் அடிபோலவே தெரியச் செய்வதில்தான் அவருடைய திறமை இருக்கிறது.

'ஸ்விங் டைம்' படத்தில் அவர் மூன்று பெரிய நிழல்களோடு ஆடும் காட்சியும் புகழ்பெற்றது. அவருடைய நிழலைத் தனியாகப் படம் பிடித்து மூன்றாக்கி, முன்னால் அவர் ஆடும் படத்தோடு இணைத்தார்கள். பில் ராபின்சனுக்கு வணக்கம் செலுத்தும் ஆட்டம் அது. ஆனால் அதற்காக அஸ்டேர் முகத்தில் கரி பூசிக்கொண்டார். கறுப்பினத்தவரைப் போலி செய்து வெள்ளையர் கேலி செய்த பழைய மேடை வழக்கம் அது. ஆட்டம் அற்புதமானது, அந்தப் பூச்சு அவமதிப்பு. இரண்டையும் சொல்லித்தான் அந்தக் காட்சியை இன்று ஒருவருக்குக் காட்ட வேண்டும்.

'சிங்கிங் இன் தி ரெயின்' மழையில் பால் கலந்தார்கள் என்ற பேச்சும் இப்படி உலவுவதுதான். பால் கலக்கவில்லை, மழைக்குப் பின்புறமிருந்து விளக்கு போட்டதால் துளிகள் பளிச்சென்று தெரிந்தன. அதில் ஆடிய ஜீன் கெல்லிக்கு அன்று கடும் காய்ச்சல் என்பது மட்டும் உண்மை.

ஏற்றமும் இறக்கமும்

1938இல் திரையரங்க உரிமையாளர் சங்கம் ஒன்று, வசூலுக்கு நஞ்சு என்று சில நட்சத்திரங்களின் பெயர்களைப் பத்திரிகை விளம்பரமாகவே வெளியிட்டது. அதில் அஸ்டேரின் பெயரும் இருந்தது. 1946இல் ஓய்வை அறிவித்தார். மறு ஆண்டு ஜீன் கெல்லி கைப்பந்து விளையாடிக் கணுக்காலை முறித்துக்கொள்ள, அவருக்கென்று வைத்திருந்த 'ஈஸ்டர் பரேட்' படத்துக்கு அஸ்டேரை அழைத்தார்கள். 1948இல் வெளிவந்த அந்தப் படம் பெருவெற்றி பெற்றது. அதன் பிறகுதான் 'ராயல் வெட்டிங்', 'தி பேண்ட் வேகன்' எல்லாம் வந்தன. 1958இல் அவர் செய்த தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்பது எம்மி விருதுகளை வென்றது. அப்போது அவருக்கு வயது 59. 1974இல் 'தி டவரிங் இன்ஃபெர்னோ'வில் நடன நாயகனாக அல்லாமல் துணை நடிகராக நடித்து ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். 1987 ஜூன் 22 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

எங்கிருந்து தொடங்குவது

புதிதாகப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு நான் முதலில் சொல்வது 'ஸ்விங் டைம்' படத்தின் நடனப்பள்ளிக் காட்சியை. ஜிஞ்சர் நடன ஆசிரியை. ஆடத் தெரியாதவர்போல் நடித்த அஸ்டேரால் ஜிஞ்சருக்கு வேலை போய்விடுகிறது. அவர் எவ்வளவு நன்றாகக் கற்றுக்கொடுத்தார் என்பதை முதலாளிக்குக் காட்டுவதற்காக அஸ்டேர் அவரை ஆட அழைக்கிறார். தரையைச் சுற்றித் தாழ்வான வேலி ஒன்று இருக்கும். முதல் தடவை பார்க்கும்போது வெட்டுகளை எண்ணுங்கள். அடுத்த தடவை ஒலியை அணைத்துவிட்டு, இருவரின் தோள்களை மட்டும் பாருங்கள். மூன்றாவது தடவை கண்ணை மூடிக்கொண்டு காலடி ஓசையை மட்டும் கேளுங்கள். பியானோவுக்கு அருகே மரப்பலகையில் யாரோ ஆடுவதுபோல இருக்கும். பிறகு கண்ணைத் திறந்து, இருவரும் அந்த வேலியைத் தாண்டிக் குதிக்கும் இடத்துக்கு வாருங்கள்.